வீசாமல் வைத்திருந்த தங்க வலை

அக்கா,

முந்தாநாள் ஓசூர் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் இருக்கிற செல்போன் கடைக்குப் போயிருந்தேன். என் பழைய போனில் பேட்டரி உப்பிப்போய், பின்மூடி வயிறு வீங்கியதுபோல் தள்ளிக்கொண்டு நின்றது. கடைக்காரர் ரப்பர் கவரை உருவியதும், அதன் உள்பக்கம் ஒரு மெரூன் ஸ்டிக்கர் பொட்டு ஒட்டிக்கொண்டிருப்பது தெரிந்தது. உன் பொட்டு. "இது என்ன மேடம், சுரண்டிப் போட்றட்டுமா?" என்று நகத்தைக் கொண்டுபோனார். நான் போட்ட சத்தத்தில் கடையில் இருந்தவர்கள் எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள்.

அவரிடம் என்னவென்று சொல்வது? கம்பெனியில் லைனுக்குள் போகும் முன் பொட்டு, வளையல், ஹேர்பின் எல்லாவற்றையும் கழற்ற வேண்டும். போனை லாக்கரில் வைத்துப் பூட்ட வேண்டும். மற்றவர்கள் பொட்டை லாக்கர் கதவில் ஒட்டுவார்கள். நீ மட்டும் என் போனின் முதுகில் ஒட்டுவாய். ஷிஃப்ட் முடிந்து நான் மெசேஜ் பார்ப்பதற்குள் பின்னாலிருந்து உரித்து நெற்றியில் வைத்துக்கொள்வாய். இது எப்படிக் கவருக்கு உள்ளே போய் மாட்டியது என்று தெரியவில்லை. என்றைக்கோ தேடிக் கிடைக்காமல் புதுசு ஒன்றை எடுத்து வைத்துக்கொண்டிருப்பாய். நீ அதற்கெல்லாம் வருத்தப்படுகிற ஆள் இல்லை.

போட்டோ, நம்பர் எல்லாம் புதுப் போனுக்கு வந்துவிடுமாம். நம்முடைய கேம் மட்டும் வராதாம். அதைச் செய்தவர்களே நிறுத்திவிட்டார்களாம். "சார்ஜ் மட்டும் போட்றாதீங்க, வெடிச்சிரும். இருக்கற சார்ஜ்ல பாக்கறத பாத்துட்டுக் குடுத்துருங்க" என்று போனைத் திருப்பிக் கொடுத்தார்.

நீ அதைக் கேம் என்று ஒருநாளும் சொன்னதில்லை. உனக்கு அது பண்ணை. மத்திகிரியில் கவர்மென்ட் மாட்டுப் பண்ணைக்குப் பக்கத்தில் நாம் ஒன்றாக வாடகைக்கு இருந்தபோது, "அவங்க மாடு வெச்சிக்கறாங்க, நாம பூதம் வெச்சிக்கறோம்" என்பாய். உன்னிடம் இருந்தது பட்டன் போன். அதனால் என் போனில், இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே பண்ணை. சூளகிரிப் பக்கம் இருந்த கம்பெனிக்குப் போகிற பஸ்ஸில் ஜன்னலோரம் நீ, பக்கத்தில் நான். விரல் என்னுடையது, வாய் உன்னுடையது. காட்டிலும் மலையிலும் திரிகிற விசித்திர விலங்குகளோடு மோதி, அவை களைத்துப்போன சமயம் பார்த்து வலை வீச வேண்டும். கடையில் கிடைக்கிற கயிற்று வலையைப் பெரிய விலங்குகள் அறுத்துக்கொண்டு போய்விடும். தங்க வலை என்று ஒன்று உண்டு. அது தப்பவே தப்பாது. ஆனால் முழு ஆட்டத்துக்கும் ஒன்றே ஒன்றுதான்.

அந்த ஒன்று என் பையில் தூங்கியது. அதுமட்டுமா, அபூர்வமாகக் கிடைக்கிற மருந்து, மூலிகை, தேன் எல்லாமே தூங்கின. நம் விலங்கு அடிவாங்கி மயங்கி விழும்போதுகூட, இதைவிடப் பெரிய சண்டை வரும் என்று மருந்தை எடுக்க மாட்டேன். "நீ என்னடி, மருந்துக்கடை வெக்கப் போறியா?" என்று கேட்டாய். நானும் சிரித்தேன். அதை என் கெட்டிக்காரத்தனம் என்றுதான் அப்போது நினைத்துக்கொண்டிருந்தேன்.

பிறகு அந்த மழையானை வந்தது. உடம்பெல்லாம் கருமேகம், தும்பிக்கையிலிருந்து தூறல். பார்த்ததும் எழுந்தே நின்றுவிட்டாய். டிரைவர் உட்காரச் சொல்லிக் கத்தினார். ஜவளகிரியில் உங்கள் ராகியை யானைக்கூட்டம் மிதித்துவிட்டுப் போன கதையை நீ எத்தனை தடவை சொல்லியிருப்பாய்! "எங்க ராகிய தின்ன கூட்டத்துல ஒண்ணுதான் இது. போடுடி தங்க வலைய, நம்ம பண்ணையில கட்டிப்போடலாம்" என்றாய். நான் முடியாது என்றேன். கடைசியில் இதைவிடப் பெரியது வருமாம், அப்போது வலை இல்லாவிட்டால் என்ன செய்வது என்றேன்.

"அப்ப இல்லன்னா இல்ல. இப்ப இது இக்குதில்ல?"

நான் கயிற்று வலையாக வீசித் தீர்த்தேன். ஒவ்வொன்றையும் அறுத்துவிட்டு, யானை மலைக்குப் பின்னால் போய் மறைந்தது. கதை முழுக்க முடித்தால்தான் மறுபடி வருமாம். "ஹோய்த்து" என்று உன் வீட்டுக் கன்னடத்தில் சொன்னாய், போய்விட்டது என்று. மத்திகிரி வரும்வரை ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தாய். இறங்கும்போது என் சாப்பாட்டுப் பையையும் சேர்த்து நீயே தூக்கிக்கொண்டு நடந்தாய். கோபத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளக்கூட உனக்குத் தெரியாது.

அந்த மழைக்காலத்தில்தான் உனக்குக் காய்ச்சல் வந்தது. விட்டு விட்டு வந்தது. பிறகு ரத்தத்தில் என்னவோ குறைகிறது என்றார்கள். நீ வேலையை விட்டு ஊருக்குப் போனாய். உன் தம்பி பெங்களூர் ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்குமாக உன்னை அழைத்துக்கொண்டு அலைந்தான். நான் இரண்டு ஞாயிற்றுக்கிழமை வந்தேன். வந்தேன் என்று சொல்லவே கூச்சமாக இருக்கிறது; பாதி நேரம் திரும்புகிற பஸ்ஸைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தேன். நீ களைப்போடு கட்டிலில் சாய்ந்துகொண்டு, ரெண்டு நாள் இருந்துவிட்டுப் போ, கதையை முடித்து நம் யானையைப் பிடிக்கலாம் என்றாய்.

லீவு இல்லாமலா? நம் லைனிலேயே அதிகமாக லீவு சேர்த்து வைத்திருந்தவள் நான்தான். அதை ஒன்றிரண்டாக உடைக்க மனசு வரவில்லை. அப்போது உன் முகத்தைப் பார்த்து நான் சொன்னேன்: "இருக்கட்டும்க்கா. உனக்கு ஏதாவதுன்னா மொத்தமா எடுத்துக்கிட்டு வந்து கூடவே இருக்கேன்."

நீ சிரித்தாய். "எனக்கு ஏதாவதுன்னா நீ வந்து என்னத்தடி பண்ணுவ? இப்ப இரு."

அப்படியும் நான் கிளம்பினேன். அதைச் சொன்ன வாயோடுதான் இன்னும் சாப்பிடுகிறேன், பேசுகிறேன். நினைத்தால் கூசுகிறது, அக்கா. நோயில் கிடப்பவளிடம் பேசுகிற பேச்சா அது? சொன்னபோது எனக்கு அது பெரிய அன்பாகத் தோன்றியதே, அதுதான் எல்லாவற்றையும்விட அசிங்கம்.

அடுத்த மாதம் ஒருநாள்கூட லீவு போடாதவர்களுக்குக் கம்பெனியில் ஹாட் பாக்ஸ் கொடுத்தார்கள். நானும் ஒன்று வாங்கினேன், எல்லாரும் கைதட்டினார்கள். போனில் உன்னிடம் பெருமையாகச் சொன்னேன். "நல்லாருக்கட்டும், களி சூடா இக்கும்" என்றாய். குரல் தேய்ந்திருந்தது. அதை நான் கவனித்தேன். கவனித்துவிட்டு, இன்னும் கொஞ்சம் பார்க்கலாம் என்று இருந்துவிட்டேன்.

ஒரு காலை, லாக்கரில் போனை வைக்கப் போகும்போது உன் அம்மா கூப்பிட்டார். "ஹோத்ளம்மா" என்றார். போய்விட்டாள் என்று புரிகிற அளவுக்கு உன்னிடம் கன்னடம் கற்றிருந்தேன். சூப்பர்வைசரிடம் போய் நின்றேன். எத்தனை நாள் என்று நான் வாய் திறப்பதற்குள், "எடுத்துக்கம்மா. உனக்குதான் நிறைய இருக்குதே" என்றார். அவ்வளவுதான். கேட்டால் கிடைத்திருக்கும். எப்போது கேட்டிருந்தாலும் கிடைத்திருக்கும்.

நாலு நாள் உன் வீட்டில் இருந்தேன். நீ படுத்திருந்த கட்டிலை வெளியே எடுத்துப் போட்டிருந்தார்கள். துக்கம் கேட்க வந்தவர்களிடமெல்லாம் உன் அம்மா என்னைக் காட்டி, "நாலு நாள் லீவு போட்டுட்டு வந்து கூடவே இருக்கா பாருங்க, கூடப் பொறந்தவகூட இப்படி இருக்க மாட்டா" என்று சொல்லிக்கொண்டிருந்தார். நான் பாத்திரம் தேய்க்கிற சாக்கில் பின்கட்டிலேயே உட்கார்ந்திருந்தேன். தலை நிமிரவில்லை.

அப்புறமாவது புத்தி வந்ததா என்றால், இல்லை. கதையை நான் தனியாக முடித்தேன். கடைசிப் பெரிய விலங்கும் வந்தது. எதற்காக உன் யானையை விட்டேனோ, அது. அப்போதும் தங்க வலையை வீசவில்லை. இதற்கும் மேலே ஒன்று இருந்துவிட்டால் என்ன செய்வது என்று விரல் நின்றுவிட்டது. போனை மூடி வைத்தேன். அதன்பிறகு அந்தக் கேமைத் திறக்கவே இல்லை.

நேற்றுக் காலை பஸ்ஸில் திறந்தேன். சார்ஜ் சிவப்பில் இருந்தது. பையில் மருந்து, மூலிகை, தேன் எல்லாம் அப்படியே இருந்தன, கெட்டுப்போகாத பொருள்கள். மலைக்குப் போனேன். மழையானை நின்றுகொண்டிருந்தது. மோதவில்லை, களைக்க வைக்கவில்லை. தங்க வலையை எடுத்து வீசினேன்.

பிடிபட்டுவிட்டது, அக்கா. ஒரே ஒரு அழுத்து. சின்னதாக ஒரு சத்தம், பண்ணையில் ஒரு யானை. இவ்வளவு சுலபம். அன்றைக்கும் இதே சுலபத்தில் நடந்திருக்கும். நீ எழுந்து நின்று கத்தியிருப்பாய், டிரைவர் மறுபடியும் திட்டியிருப்பார். நான் ஜன்னல் பக்கம் திரும்பினேன். அங்கே ஒரு பெண் காதில் பாட்டை மாட்டிக்கொண்டு தூங்கினாள். கொஞ்ச நேரத்தில் போனும் அணைந்துவிட்டது.

கம்பெனிக்குள் போனதும் சூப்பர்வைசரிடம் இரண்டு நாள் லீவு கேட்டேன். அவர் பதறிப்போய், "யாருக்கு என்னம்மா ஆச்சு?" என்றார். நான் ஏதாவது ஆனால்தான் லீவு கேட்பவள் என்று அவருக்கும் தெரிந்திருக்கிறது.

"யாருக்கும் ஒண்ணும் ஆகல சார். சும்மாதான்" என்றேன்.

இதைத் தளி பஸ்ஸில் உட்கார்ந்து புதுப் போனில் எழுதுகிறேன். தளியில் இறங்கி ஜவளகிரிக்கு மாற வேண்டும். உன் அம்மாவுக்குச் சொல்லவில்லை. அவர் நன்றாகத்தான் இருக்கிறாராம். நன்றாக இருக்கும்போதே போய் இரண்டு நாள் இருந்துவிட்டு வருகிறேன். ஆனால் இந்தத் தடவையும் பாசக்காரி என்று அவர் நாலு பேரிடம் சொல்லத்தான் போகிறார். அதை நான் எப்படித் தாங்கப் போகிறேனோ தெரியவில்லை.

கிளம்பும்போது உன் பொட்டை எடுத்து, பர்ஸில் உள் ஜிப்புக்குள் வைத்து மூடினேன். பத்திரமாக இருக்கட்டும் என்று. பாதி ஜிப்பில் என் கை நின்றுவிட்டது. மறுபடியுமா என்று எனக்கே சீ என்று ஆகிவிட்டது. வெளியே எடுத்து, கண்ணாடி பார்க்காமலே நெற்றியில் அழுத்தினேன். செத்தவள் பொட்டை வைத்துக்கொள்வதா என்று என் அம்மா பார்த்தால் கத்துவாள். பசை காய்ந்துவிட்டது. ஜன்னல் காற்றில் ஓரம் எழும்பிக்கொண்டே இருக்கிறது. தளி வருவதற்குள் விழுந்தாலும் விழுந்துவிடும். கையால் பிடிக்காமல் உட்கார்ந்திருக்கிறேன்.

இப்போது இருக்கிறது.