சூடில்லாத வெளிச்சம்

சேலம்
12-7-1938

அன்பு மகள் சௌந்திரத்துக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் அந்தத் தேயிலைத் தோட்டத்துக் குளிரில் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்க வேண்டும். உன் கேள்விக்குப் பதிலை முதலில் எழுதிவிடுகிறேன். வேண்டாம். வயிற்றில் இருப்பது ஒன்றா இரண்டா என்று பார்க்க எக்ஸ்ரே படம் வேண்டாம். சூடே இல்லாத வெளிச்சம், கண் மூடித் திறப்பதற்குள் முடிந்துவிடும் என்று உங்கள் டாக்டர் சொன்னாராம். உன் அம்மாவும் அதையே பிடித்துக்கொண்டாள். இவளுக்கு எல்லாமே சூடு, குளிர்ச்சி, இரண்டுதான். பப்பாளி சூடு, ஆகாது. இது சுடாது, ஆகும். "ஏனுங்க, நாள் பூரா அந்தச் செவப்பு வெளக்கடியில உக்காருறீங்க, உங்களுக்கு என்ன ஆயிப்போச்சு?" என்று கேட்டாள். சொல்லிப் பார்த்தேன், அவளுக்குக் கோபம்தான் வந்தது. ஞாயிற்றுக்கிழமை, நான் எக்ஸ்ரே பிலிம் கழுவுகிற ஆஸ்பத்திரி இருட்டறைக்கே கூட்டிப்போனேன். ஒரு பிலிமைச் சிவப்பு விளக்கின் கீழே போட்டுவிட்டு, அவள் கொண்டுவந்த கம்மஞ்சோற்றைத் தின்று முடித்தேன். கழுவிப் பார்த்தால் அதில் ஒன்றும் இல்லை. இன்னொன்றை வைத்து, கதவை ஒரு விரற்கடை திறந்து மூடினேன். கழுவினால் பிலிம் முழுக்கக் கரிக்கறுப்பு. விளக்குதானே கைக்குச் சுட்டது, கதவுச் சந்து சுடவில்லையே என்றாள்.

அதுதான் சங்கதி. வெளிச்சம் தண்ணீர் மாதிரி ஒழுகி வருவதில்லை, பொட்டலம் பொட்டலமாக வருகிறது. ஒரு பொட்டலத்தின் பலம், அந்த வெளிச்சம் நொடிக்கு எத்தனை தடவை அதிர்கிறது என்பதைப் பொறுத்தது. அதிர்வு இரட்டித்தால் பலமும் இரட்டிக்கும். சிவப்புக்கு அதிர்வு குறைவு, நீலத்துக்கு அதிகம், எக்ஸ்ரேக்கு அதைவிடப் பல ஆயிரம் மடங்கு. ஓமலூர் ரோட்டுப் புளியமரத்தில் நாள் முழுக்க மணலை அள்ளி வீசு, ஒரு காய் விழாது. ஒரு கல் போதும், எக்ஸ்ரே அந்தக் கல். பிஞ்சு கட்டுகிற நேரத்தில் கல் எறிந்து பார்ப்பானேன்.

வெளியே வந்ததும் உன் அம்மா என் இடது கையைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தாள். விரல் வெடிப்பெல்லாம் பிலிம் கழுவுகிற மருந்துத் தண்ணியால் என்று இதுவரை நினைத்திருந்தாள். காலையில் மெஷினைப் போட்டதும், எக்ஸ்ரே குழாய் சரியாக இருக்கிறதா என்று பார்க்க என் கையைத்தான் ஒளிர்கிற திரைக்குப் பின்னால் நீட்டுவேன். எலும்பு தெளிவாகத் தெரிந்தால் நோயாளியைக் கூப்பிடலாம். எனக்குக் கற்றுக்கொடுத்தவரும் அப்படித்தான். ஒருநாளும் சுட்டதில்லை. இப்போது இரண்டு விரலில் புண் ஆறவில்லை, வருகிற வெள்ளிக்கிழமை அந்த விரல்களை எடுத்துவிடுகிறார்கள். எனக்கு நாற்பதுகூட ஆகவில்லை என்று இங்கே டாக்டர்தான் வருத்தப்பட்டார். எனக்கு வலி இல்லை. வெந்நீர்ச் சொம்பைப் பிடித்தாலும் சூடு தெரிவதில்லை. அழுகையும் வரவில்லை, யாரோ ஒருத்தன் கையைப் பார்ப்பது போல இருக்கிறது.  இன்று காலையில் அம்மாவே, புள்ளைக்குப் படம் வேண்டாம்னு எழுதிப்போடுங்க என்றாள்.

மருத்துவச்சி வயிற்றைத் தடவிப் பார்க்கட்டும், டாக்டர் குழல் வைத்துத் துடிப்பைக் கேட்கட்டும், அது போதும். பிரசவத்தில் உயிருக்கு ஆபத்து என்றால் அப்போது ஒரு படம் எடுக்கலாம், மறுக்காதே. வெறும் ஆசைக்கு வேண்டாம். மாப்பிள்ளைக்கும் இதைப் படித்துக் காட்டு. ஓடி வரவேண்டாம், எனக்கு எழுதுகிற கை இருக்கிறது.

நீயும் வயிற்றில் இருப்பதும் ஒரு குறையும் இல்லாமல் இருங்கள், சாமி. பிறந்ததும் மறக்காமல் விரல்களை எண்ணிப் பார்த்து எழுது.

உன் அப்பா
மயில்சாமி