ஹட்டன் மேடையில் ஒரு சுழி

அன்பு மகளுக்கு,

சிரிக்காமல் வாசி. தேயிலை புளிக்கும் அறைப் பலகையில் நேரத்தை எழுத வேண்டிய நான், உன் பாடக் கொப்பியில் பார்த்த சுழியை வரைந்துவிட்டேன். "என்னய்யா சூசைரட்ணம், கோழி கிண்டுன மாதிரி?" என்றார் மேலதிகாரி டீமேக்கர். ஃபேக்டரியே சிரித்தது.

காலம் ஓடை மாதிரி, வாய் மூடிய சுழியில் முட்டினால் நின்றுவிடும் என்று எழுதியிருந்தாயே. எட்டாம் வகுப்போடு நின்ற எனக்கே அது புரிந்தது. சின்னச் சுழிதான், ஆனாலும் மூன்று மணித்தியாலமாகியும் பலகையடியில் இலை மட்டும் பச்சையாகவே கிடந்தது. சுழியை அழித்தேன், கண்ணெதிரே செம்பு நிறமானது. கைகூப்பத் தோன்றியது, மகளே.

அதனால்தான் நீ படிக்க கெம்பஸுக்குப் புறப்பட்ட காலையில் ஹட்டன் ஸ்டேசனில் குனிந்தேன். செருப்பு வார் அறுந்தது என்றது பொய். மேடையில் வெண்கட்டியால் இந்த முறை பெரிய சுழியாகப் போட்டேன். நகரத் தொடங்கிய ரயில் நின்றது. கூரையிலிருந்து விழுந்த மழைத்துளி அந்தரத்தில் நின்றது. ஜன்னலில் ஆட்டிய உன் கையும் நின்றது. என் மூச்சு மட்டும் ஓடியது. ஆசை தீரப் பார்த்தேன். ஆனால் உறைந்துபோன உன் கண் என்னைப் பார்க்கவில்லை.

காலாலேயே அழித்தேன். "பத்திரம்ப்பா!" என்று கத்திக்கொண்டே போனாய். "சரி சரி, நேரத்துக்குச் சாப்பிடு" என்றேன்.

"இறங்கிடும்மா" என்று மட்டும் சொல்லவில்லை.

உன் அப்பா