அண்ணன் வாங்காத அப்பம்

என் கூடப் பிறந்த அண்ணனுக்கு, உங்கள் பாக்கியம் அன்போடும் பயத்தோடும் எழுதுவது.

முதலில் ‘பேராயர் அவர்களுக்கு’ என்றுதான் ஆரம்பித்தேன். பிறகு அடித்துவிட்டேன். ஊருக்கெல்லாம் நீங்கள் பேராயர். நான் சொல்லப்போகிறதைப் பேராயரிடம் சொல்ல எனக்குத் தைரியம் வராது, அண்ணனிடம் சொல்லலாம்.

நீங்கள் கண்ணை மூடி நாலு மாதம் ஆகிறது. கட்டிலை இன்னும் எடுக்கவில்லை. வாலிநோக்கத்தில் இந்த வருசம் உப்பு நன்றாக விளைந்திருக்கிறது. நானும் மறுபடி உப்பளத்துக்கு வேலைக்குப் போகிறேன். நான் படித்தது ஐந்தாவதுதான். எழுத்துப் பிழை இருந்தால் சபைப் பத்திரிகைக்காரர்கள் திருத்திக்கொள்ளட்டும், விஷயத்தைத் திருத்த வேண்டாம் என்று சொல்லித்தான் இதைக் கொடுக்கிறேன்.

விஷயம் இதுதான். உங்களைப் பற்றி ஒரு பொய் சபையெல்லாம் பரவிக் கிடக்கிறது. அந்தப் பொய்யைச் சொன்னது நான்.

நாளை மறுநாள், ஞாயிற்றுக்கிழமை, என் மகள் கிருபாவைக் குருவானவராக அபிஷேகம் செய்யப் போகிறார்கள். நீங்கள் அவளுக்குத் தாய்மாமன். ஞானஸ்நானம் கொடுத்து அவளுக்குப் பேர் வைத்ததும் நீங்கள்தான், திடப்படுத்தலில் அவள் தலையில் கை வைத்ததும் நீங்கள்தான். அவள் வேதம் படிக்கப் போகிறேன் என்றபோது, படிக்கட்டும், பீடத்துக்கு மட்டும் வர வேண்டாம் என்றீர்கள். நீங்கள் பேராயராக இருந்த வருசமெல்லாம் பெண்பிள்ளைகள் குருவாக வேண்டி அனுப்பின மனு அத்தனையும் திரும்பி வந்தது. கிருபாவின் மனுவும் திரும்பி வந்தது, உங்கள் கையெழுத்தோடு. அன்று சாயங்காலமே எங்கள் வீட்டுக்கு வந்து, அவள் வைத்த மீன்குழம்பை இரண்டாம் தடவையும் வாங்கிச் சாப்பிட்டீர்கள். சபைச் சட்டத்தில்தான் இடம் இருக்கிறதே, அண்ணே, என்று கேட்டேன்.

“சட்டத்துல இடம் இருக்குத்தா. வேதத்துல எனக்குத் தெரியலை,” என்றீர்கள்.

உங்களைப் பிடிவாதக்காரர் என்றார்கள். பழைய ஆள் என்றார்கள். முதல் மனைவி உயிரோடு இருக்கும்போது இன்னொரு கல்யாணத்தைக் கோயிலில் நடத்த முடியாது என்று எத்தனை பெரிய மனிதர்களைத் திருப்பி அனுப்பினீர்கள். சபையின் பெரிய மன்றத்தில் பெண்களைக் குருவாக்கலாம் என்று எல்லோரும் கை தூக்கியபோது நீங்கள் ஒருவர் மட்டும் தூக்காமல் உட்கார்ந்திருந்தீர்களாம். ஆனால் ஒரு வார்த்தை பொய் சொன்னார் என்று உங்கள் விரோதிகூடச் சொன்னதில்லை. அதனால்தான் நான் சொன்ன பொய் எனக்கு இவ்வளவு பாரமாக இருக்கிறது.

கடைசி வாரம், என் வீட்டில் படுத்த படுக்கையாக இருந்தபோது, நற்கருணை வேண்டும் என்று மூன்று நாள் கேட்டுக்கொண்டே இருந்தீர்கள். நம் ஆயருக்கு ஏழு சபை. அன்றைக்கு முதுகுளத்தூர் பக்கம் ஓர் அடக்கம். அவர் விடியற்காலையில் ஜெபித்து, அப்பத்தையும் திராட்சரசத்தையும் சின்னப் பெட்டியில் வைத்துக் கிருபாவிடம் கொடுத்துவிட்டிருந்தார். நீங்கள் ஓய்வுபெற்ற பிறகு வந்த புதுப் பேராயர் அவளை உதவிகுரு ஆக்கியிருந்தார், கொண்டுவந்து கொடுக்க அவளுக்கு அனுமதி உண்டு. பஸ்ஸில் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு வந்தாள். வாசலில் அவளைப் பார்த்ததும், கொஞ்ச நேரம் அடுப்படியில் இருக்கச் சொல் என்று என்னிடம் சொன்னீர்கள்.

அவள் உள்ளே போனதும் சொன்னீர்கள், “எனக்கு வேண்டாம்த்தா.”

“அண்ணே, ஆயர் ஜெபம் பண்ணித்தானே கொடுத்து விட்டிருக்காரு. இவ தூக்கிட்டு மட்டுந்தானே வந்திருக்கா.”

“இத்தனை வருசம் அடுத்தவன் பிள்ளைக்கெல்லாம் மாட்டேன்னு சொன்னவன், என் தங்கச்சி பிள்ளைன்னதும் வாயைத் தொறந்தா நான் யாரு?”

நீங்கள் நினைக்கிறது தப்பாக இருந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டுவிட்டேன். வாழ்க்கையில் அப்படி உங்களை எதிர்த்துக் கேட்டது அந்த ஒரு தடவைதான்.

“தப்பா இருந்தா ஆண்டவர் என்கிட்ட கேப்பாரு. உன்கிட்ட கேக்க மாட்டாரு. அவளைச் சாயங்காலம் வரைக்கும் இங்கன இருக்கச் சொல்லு. நானே அவகிட்ட சொல்லணும்.”

உங்கள் கண்ணோரத்தில் தண்ணீர் இறங்கியது. துடைக்க வந்த என் கையைத் தள்ளிவிட்டீர்கள்.

அண்ணே, நான் அடுப்படிக்குப் போனேன். பெட்டியை வைக்க வேறு சுத்தமான இடம் இல்லை என்று கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றாள் என் பிள்ளை. மாமா வேண்டாம் என்கிறார் என்று எந்த வாயால் சொல்வேன்? மாமாவுக்கு விழுங்க முடியவில்லை, நீ போய் இன்னொரு நாள் வா என்று சொல்லி, பதினோரு மணி பஸ்ஸுக்கே அனுப்பிவிட்டேன். சாயங்காலம் நீங்கள் கிருபா எங்கே என்று கேட்டபோது, அவசர வேலை, போய்விட்டாள் என்றேன். அவளிடம் ஒரு பொய், உங்களிடம் ஒரு பொய். இரண்டாம் நாள் நீங்கள் போய்விட்டீர்கள்.

அதோடு முடிந்தது என்று நினைத்தேன். கிருபா ஆயரிடம் சொன்னாள், மாமா வாங்கியிருப்பார், உடம்புதான் விடவில்லை என்று. ஆயர் புதுப் பேராயரிடம் சொன்னார். அவர் உங்கள் நினைவு ஆராதனையில், பழைய பேராயர் கடைசியில் தன் மருமகளின் ஊழியத்தை ஏற்றுக்கொண்டார் என்று பேசினார். பத்திரிகையிலும் அப்படியே அச்சடித்தார்கள். நான் முன்பெஞ்சில் முக்காட்டுக்குள் உட்கார்ந்திருந்தேன். எழுந்து இல்லை என்று சொன்னேனா? சொல்லவில்லை.

போன ஞாயிறு நம் கோயிலில் அறிவிப்பு வாசித்தார்கள். கிருபாவின் அபிஷேகத்துக்குத் தடை சொல்ல யாருக்காவது காரணம் இருந்தால் வந்து சொல்லலாம் என்று. நம் ஏழு சபையும் சேர்ந்த சேகரத்துக்குச் செயலரான தேவராஜ் திரும்பி என்னைப் பார்த்தார். மறுநாளே இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டார், கையில் தட்டச்சு செய்த தாள். உங்களுக்குத் தெரியும், அவருடைய அண்ணனின் இரண்டாம் கல்யாணத்துக்கு நீங்கள் அனுமதி கொடுக்கவில்லை என்று உங்கள் காருக்கு முன்னால் கறுப்புக்கொடி பிடித்தவர் அவர். இன்றைக்கு உங்கள் பேரைச் சொன்னால் அவருக்குக் கண் கலங்குகிறது.

எழுத்துக்கூட்டி வாசித்தேன். எந்தப் பெண்ணையும் பீடத்தில் ஏற்றக்கூடாது, என் தங்கை மகளானாலும் நீ எழுந்து தடுக்க வேண்டும் என்று நீங்கள் சாகும்போது என்னிடம் சத்தியம் வாங்கினீர்களாம். கீழே நான் கையெழுத்துப் போட வேண்டும். வெள்ளிக்கிழமை வந்து வாங்கிக்கொள்கிறேன் என்று போனார்.

அந்த மூன்று நாளும் இதையே யோசித்தேன். தாளில் இருப்பது பொய். ஆனால் நான் சொன்னதும் பொய்தானே? நான் வாயை மூடிக்கொண்டிருந்தால் என் மகள் ஒரு பொய்யின் மேல் ஏறி நின்று குருவானவர் ஆவாள். வாயைத் திறந்தால் அவள் மனசு என்ன ஆகும்? தேவராஜுக்கு அது எவ்வளவு கொண்டாட்டம்?

வியாழக்கிழமை அவளை வரச் சொன்னேன். உங்கள் கட்டிலில் உட்காரவைத்து எல்லாவற்றையும் சொன்னேன். அழுவாள் என்று நினைத்தேன். அழவில்லை. 

“மாமா வேண்டாம்னு சொன்னது எனக்குப் பெருசில்லம்மா. அவரு அப்படித்தான் சொல்வாருன்னு பஸ்ஸுல வரும்போதே தெரியும். பதில்கூட யோசிச்சு வச்சிருந்தேன்,” என்றாள். “அவரு என்கிட்டப் பேசணும்னு கேட்டாரு. நீ என்னைப் பஸ் ஏத்தி விட்டுட்ட.”

அவள் சொன்னது சரிதான், அண்ணே. நீங்கள் இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் பயந்தவர்கள் இல்லை. பயந்தது நான் ஒருத்திதான். உங்களுக்கு மிச்சம் இருந்த இரண்டு நாளையும் அவளிடமிருந்து நானே பறித்துக்கொண்டேன். அவள் சாப்பிடக்கூட இல்லை. பேராயரிடம் நானே போய்ச் சொல்கிறேன் என்று கிளம்பிவிட்டாள். ராத்திரி முழுக்கப் போன் எடுக்கவில்லை.

இன்று காலை தேவராஜ் வந்தார். அண்ணன் நற்கருணையை வாங்கவில்லை, அது நிசம் என்று நானே சொன்னேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது. பேனாவை நீட்டினார். அவளைத் தடுக்கச் சொல்லி அண்ணன் என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை, அதுவும் நிசம் என்றேன்.

“உங்க அண்ணன் மானத்தைக் காப்பாத்தத்தாம்மா இவ்வளவும்.”

“அவரு பேருல நான் சொன்ன பொய்யே போதும் சார். நீங்க வேற ஒண்ணு சேக்க வேண்டாம்.”

அப்படியானால் ஞாயிற்றுக்கிழமை நானே எழுந்து நிற்பேன், எல்லார் முன்னாலும் உங்களைக் கேட்பேன் அம்மா என்று சொல்லிவிட்டுப் போனார்.  கதவைச் சாத்திவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன்.

பாதியில் போன் வந்தது. கிருபாதான். பேராயர் முழுவதையும் கேட்டாராம். தான் சொன்னது தவறு என்று அபிஷேகத்துக்கு முன்னால் அவரே பீடத்தில் நின்று சொல்லப்போகிறாராம். அப்புறம், மாமா மறுத்தது தெரிந்த பிறகும் உனக்கு இது வேண்டுமா என்று அவளைக் கேட்டிருக்கிறார். வேண்டும் என்றாளாம். என்னிடம் வேறு எதுவும் பேசவில்லை. வாரேன் என்றுகூடச் சொல்லாமல் வைத்துவிட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியாது. தடை உண்டா என்று கேட்கும்போது கோயிலே என்னைப் பார்க்கும். என்னைக் கேட்டால், நீங்கள் மறுத்ததையும் சொல்வேன், அவளிடம் நீங்களே பேச நினைத்ததையும் சொல்வேன், நான் அதைக் கெடுத்ததையும் சொல்வேன்.

உங்களுக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன், அண்ணே. உங்களுக்கு அது பிடிக்காது என்று தெரிந்தே கொடுக்கிறேன். அபிஷேகம் முடிந்து அவள் அப்பத்தை எடுத்துக்கொண்டு வரிசையில் வருவாள். நான் அவள் பக்கம்தான் முழங்கால் போடுவேன். என் முகத்தைப் பார்ப்பாளோ மாட்டாளோ, நான் கை நீட்டுவேன். உங்களுக்குத் தெரியாமல் நீட்ட மாட்டேன். அதனால்தான் முன்னாலேயே எழுதிவிட்டேன்.

உங்களிடம் ஒரே ஒரு தடவை பொய் சொன்ன தங்கச்சி,
பாக்கியம்