முதலில் யார் கழற்றுவது

லட்லோ,
மார்ச் 5, 1994

ரோசலிண்டுக்கு,

என் கையெழுத்தைப் பார்த்ததும் யாரோ செத்துப்போய்விட்டதாக நினைத்திருப்பாய். யாரும் சாகவில்லை. ஹெஸ்டருக்குக் கல்யாணம். ஜூன் பதினெட்டு, சனிக்கிழமை, இங்கே எங்கள் தேவாலயத்தில். அவளே தொலைபேசியில் உனக்குச் சொல்லியிருப்பாள் என்பது தெரியும். அழைப்பிதழில் உன் பெயரும் இருக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தாள். நான் ஒன்றும் சொல்லவில்லை. இருபது வருஷமாக ஒன்றும் சொல்லாமல் இருந்தவனுக்கு அது பெரிய கஷ்டமில்லை.

இந்தக் கடிதம் தொப்பியைப் பற்றியது. சிரிக்காதே.

போன ஞாயிறு மாப்பிள்ளையின் அம்மா திருமதி ஃபேரன்ட் தொலைபேசியில் கூப்பிட்டார். நல்ல மனுஷிதான்; பேச ஆரம்பித்தால் மூச்சு விட மட்டும் மறந்துவிடுவார். "பொண்ணோட அம்மா என்ன கலர்ல தொப்பி போடறாங்கன்னு சொல்லிட்டீங்கன்னா நான் வேற கலர் பாத்துப்பேன். அவங்க சொல்லாம நான் கடைக்குள்ள கால் வைக்க முடியாதே" என்றார். முறை உனக்குத் தெரியும். கடற்கரை ஊருக்குப் போய் இவ்வளவு காலம் ஆகிவிட்டதே, மறந்திருக்கலாம் என்பதால் எழுதுகிறேன். பெண்ணின் அம்மா முதலில் நிறம் சொல்ல வேண்டும்; சம்பந்தியம்மா அதற்கு ஒதுங்கி வாங்குவார். அன்றைக்குச் சாப்பாட்டுக் கூடாரத்தில் பெண்ணின் அம்மா தன் தொப்பியைக் கழற்றும்வரை வேறு எந்தப் பெண்பிள்ளையும் கழற்ற மாட்டாள். நான் வேலை பார்க்கும் பள்ளிக்கூடத்தில் தலைமையாசிரியருக்குக்கூட அவ்வளவு அதிகாரம் இல்லை. (அந்தப் பதவியை விளையாட்டு வாத்தியாருக்குக் கொடுத்துவிட்டார்கள். அது வேறு கதை.)

எந்த அம்மா என்று கேட்க எனக்கு வாய்வரை வந்தது. யோசித்துச் சொல்வதாகச் சொல்லி வைத்துவிட்டேன். பக்கத்தில் உருளைக்கிழங்கு சீவிக்கொண்டிருந்த ஈனிட் அக்கா தலையை நிமிர்த்தாமலே, "ரோசலிண்டைக் கேளுடா. அவதானே பெத்தவ" என்றாள்.

கேட்டுவிட்டேன்.

ஆல்வின்


ஃபால்மத்,
மார்ச் 11

அன்புள்ள ஆல்வின்,

உன் கடிதத்தை மேசைமேல் வைத்து, தேநீர் போட்டுக் குடித்து முடித்த பிறகுதான் உடைத்தேன். எழுதியதற்கு நன்றி. உள்ளே முள் இருந்தது, அது இல்லாமல் இருந்தால் வேறு யாரோ எழுதியதாக நினைத்திருப்பேன்.

தொப்பி வாங்கிவிட்டேன். ஹெஸ்டர் சொன்ன மறுநாளே ட்ரூரோவுக்குப் பேருந்து ஏறினேன். கடைக்காரம்மா, "யாருக்குக் கல்யாணம்?" என்று கேட்டார். "என் பொண்ணுக்கு" என்றேன். "அட, பொண்ணோட அம்மாவா? அப்போ இதெல்லாம் எடுத்து வெச்சுடுவோம், உக்காருங்க" என்று எதிரே இருந்தவற்றைத் தள்ளிவிட்டு மாடியிலிருந்து பெட்டி பெட்டியாக இறக்கினார். ஆல்வின், யாரை நம்பி இங்கே வந்தேனோ அந்தப் படகு கட்டுபவரும் என்னை விட்டுப் போனபிறகு இந்த ஊரில் நான் யாருக்கும் எதுவுமில்லை. அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தபோது நான் ஒருத்திக்கு அம்மா.

நீலம். விளிம்பு அகலம். அதைப் போட்டுக்கொண்டு சமையலறைக் கதவில் நேராக நுழைய முடியாது, பக்கவாட்டில்தான் போக வேண்டும். ஞாயிறுதோறும் எடுத்துப் போட்டுப் பார்க்கிறேன்.

சம்பந்தியம்மாவிடம் நீலம் என்று சொல்லிவிடு. அக்கா என்ன போடுகிறார் என்று நீ எழுதவில்லையே? ஹெஸ்டர் தொலைபேசியில் இரண்டு வாக்கியம் பேசினால் மூன்றாவதில் அத்தை வந்துவிடுகிறார். அந்தப் பிள்ளையை அப்படி வளர்த்துக் கொடுத்தவருக்கு என்ன சொல்வதென்று இவ்வளவு நாளும் எனக்குத் தெரியவில்லை. நீயாவது என் நன்றியைச் சொல். இல்லை, வேண்டாம். நீ சொன்னால் அது வசவு மாதிரிக் கேட்கும்.

ரோசலிண்ட்


லட்லோ,
மார்ச் 20

ரோசலிண்டுக்கு,

உன் நீலத் தொப்பியைப் பற்றிப் படித்தேன். படித்துவிட்டுத் தோட்டத்துக்குப் போய் ஒரு நல்ல ரோஜாச் செடியைத் தேவைக்கு மேல் வெட்டிவிட்டேன்.

அக்கா என்ன போடுகிறாள் என்று கேட்டாய். சொல்கிறேன். ஹெஸ்டர் அவளைத் தொப்பி வாங்க ஷ்ரூஸ்பரிக்குக் கூட்டிப் போனாள். காலையெல்லாம் ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தாளாம். கடைசியில் ஒரு பொட்டலம் இஞ்சிக் கேக்கோடு திரும்பி வந்தாள். ஏன் வாங்கவில்லை என்றேன். "அத்தைக்கு எதுக்குடா புதுத் தொப்பி? சர்ச்சுக்குப் போடற சாம்பல் தொப்பி இருக்கே. பூச்சி ஒரு பக்கம்தான் தின்னிருக்கு. அந்தப் பக்கத்தை சுவர் பக்கமா வெச்சு உக்காந்துக்கறேன்" என்றாள். சொல்லிவிட்டு, நல்ல நகைச்சுவை சொன்னவள்போலத் தானே சிரித்துக்கொண்டாள். ஷ்ரூஸ்பரியில் ஒரு தொப்பியைக் கண்ணாடி முன் வெகு நேரம் போட்டுக்கொண்டிருந்தாளாம், பிறகு மெதுவாகக் கழற்றி வைத்தாளாம். அதை ஹெஸ்டர்தான் சொன்னாள்.

அன்றைக்கு நீ வீட்டை விட்டுப் போன அதே வாரம் அக்கா ஒரே பெட்டியோடு வந்தாள். கொஞ்ச நாள் இருந்துவிட்டுப் போவதாகத்தான் பேச்சு. ஹெரஃபோர்டில் நூலகத்தில் நல்ல வேலை காத்துக்கொண்டிருந்தது. அது காத்துக் காத்து வேறொருத்திக்குப் போயிற்று. ஆறு வயசுப் பிள்ளைக்குச் சடை பின்னத் தெரியாமல், பக்கத்துப் பண்ணையில் ஒரு மட்டக்குதிரையின் பிடரி மயிரில் பின்னிப் பழகினாள். அந்தக் குளிர்காலம் முழுக்க அந்தக் குதிரை இரட்டைச் சடையோடு மேய்ந்தது. ஊரே சிரித்தது. ஹெஸ்டர் பள்ளிக்கூடத்துக்கு ஒழுங்கான சடையோடு போனாள்.

இப்போது அவள் சுவர் ஓரமாக உட்கார வேண்டும். நீ நடுவில் சக்கரம் மாதிரித் தொப்பியோடு உட்கார வேண்டும். நீ எப்போது கழற்றுவாய் என்று அவளும் காத்திருக்க வேண்டும். அதனால் நான் திருமதி ஃபேரன்டைக் கூப்பிட்டு, பெண்ணின் அம்மா சாம்பல் நிறத்தில் வருகிறார் என்று சொல்லிவிட்டேன். யாரையும் கேட்கவில்லை. அவர் அன்றைக்கே போய் நீலம் வாங்கிவிட்டார். அதுவும் அகல விளிம்பாம்.

இனி உன் பாடு, உன் நீலத்தின் பாடு. எனக்கு வருத்தமில்லை. ஹெஸ்டருக்கு இது தெரியாது.

ஆல்வின்


ஃபால்மத்,
மார்ச் 29

ஆல்வின்,

முதல் நாள் உன்மேல் கோபம் வந்தது. அடுத்த நாள் அந்த மட்டக்குதிரை நினைவுக்கு வந்து அழுதேன். ஹெஸ்டர் அதை என்னிடம் சொன்னதே இல்லை. என் மனசு நோகும் என்று சொல்லாமல் இருந்திருப்பாள். அந்தப் பக்குவமும் அக்கா வளர்ப்புதான்.

என்னைக் குத்தத்தான் செய்தாய், ஆனால் சரியானதைச் செய்திருக்கிறாய். நிறம் சொன்னாயிற்று. யாருடைய நிறத்தைச் சொன்னோமோ அவர்தான் பெண்ணின் அம்மா. முறை அதுதானே? இனி உன்னாலும் மாற்ற முடியாது, என்னாலும் முடியாது.

ஆனால் பூச்சி தின்றது ஆகாது. சம்பந்தியம்மாவின் அகல விளிம்புக்குப் பக்கத்தில் அக்கா அதோடு நிற்பதை நான் விட மாட்டேன். நீலத்தை எடுத்துக்கொண்டு மறுபடி ட்ரூரோ போனேன். கடைக்காரம்மா முகம் வாடிவிட்டது. "கல்யாணம் நின்னு போச்சா?" என்றார். "இல்லைங்க. அம்மா மாறிட்டாங்க" என்றேன். அவர் அதற்குமேல் கேட்கவில்லை. நல்ல பெண்.

சாம்பலில் ஒன்று சொல்லிவைத்திருக்கிறேன். தலை அளவு வேண்டும். அக்காவின் பழைய தொப்பிக்குள் ஒரு நூலைச் சுற்றி அளந்து, வெட்டி அனுப்பு. யார் அனுப்பியது என்று சொல்லாதே. சொன்னால் போட மாட்டார்.

ரோசலிண்ட்


லட்லோ,
ஏப்ரல் 4

ரோசலிண்டுக்கு,

நூல் இதனுடன் இருக்கிறது. அக்கா பாதிரியார் வீட்டுக்குப் போயிருந்த சமயம் அலமாரி மேலிருந்து தொப்பியை இறக்கி அளந்தேன். பாதி அளக்கும்போது பால்காரர் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்துவிட்டார். இனி இந்த ஊரில் எனக்கு என்ன பெயர் வருமோ தெரியாது.

இதை மன்னிப்பு என்று எடுத்துக்கொள்ளாதே. இது நூல்.

ஆல்வின்


லட்லோ,
மே 30

ரோசலிண்டுக்கு,

பெட்டி வந்தது. நான் வாங்கி உள்ளே கொண்டுபோவதற்குள் அக்காவே தபால்காரரிடம் கையெழுத்துப் போட்டு வாங்கிவிட்டாள். மேலே ஒட்டியிருந்த கடைச் சீட்டைப் படித்தாள். "ட்ரூரோல நமக்கு யாருடா இருக்கா?" என்றாள். அங்கே பெரிய தேவாலயம் ஒன்று இருக்கிறது என்றேன். என்னை ஒரு பார்வை பார்த்தாள். சின்ன வயசில் நான் ஜாம் திருடும்போது பார்த்த அதே பார்வை.

திறந்தாள். கூடத்துக் கண்ணாடி முன் போட்டுக்கொண்டாள். பிறகு அதோடேயே தேநீர் போட்டாள், அதோடேயே கோழிகளுக்குத் தீனி வைத்தாள். கோழிகள் பயந்து ஒதுங்கின. சாயங்காலம் பாத்திரம் கழுவும்போது, "அவளுக்கு என் தலை அளவு எப்படிடா தெரிஞ்சுது?" என்றாள். கூரைத் தண்ணீர்க் குழாயில் இலை அடைத்திருப்பது அப்போதுதான் எனக்கு நினைவு வந்தது. ஏணியை எடுத்துக்கொண்டு வெளியே போய்விட்டேன்.

ரோசலிண்ட், அவள் அழகாக இருக்கிறாள். அறுபது வயசில் இதை அவளிடம் சொல்ல எனக்கு வராது. அதனால் உன்னிடம் சொல்கிறேன்.

ஆல்வின்

பி.கு. நீ என்ன போட்டு வருகிறாய்? எழுதவே இல்லையே.


லட்லோ,
ஜூன் 21

அன்புள்ள ரோசலிண்ட்,

மாலை ரயிலுக்கு நீ சொல்லாமல் கிளம்பிவிட்டாய். பழைய பழக்கம் என்று எழுத நினைத்தேன். எழுதியும் விட்டேன். ஆனால் இந்தத் தடவை நீ போனதில் எனக்குக் குறையில்லை.

கல்யாணம் நன்றாக நடந்தது என்று எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கென்று சில குறைகள் உண்டு. பாதிரியார் மாப்பிள்ளையின் பெயரை அவன் அண்ணன் பெயராக்கிவிட்டார். மது கொண்டுவந்தவர் நாங்கள் கேட்டதைக் கொண்டுவரவில்லை. கூடாரத்துக்குப் பின்னால் போய் அவரிடம் அதைச் சொல்லிக்கொண்டிருந்தேன். விரிவாகச் சொன்னேன். அதுதான் தப்பாகப் போயிற்று. நான் திரும்பி வந்தபோது கூடாரத்தில் ஒரு தலையிலும் தொப்பி இல்லை. சம்பந்தியம்மா நீலத் தொப்பியால் விசிறிக்கொண்டிருந்தார். அக்காவின் சாம்பல் தொப்பி மேசைமேல் இருந்தது. நீயும் அக்காவும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தீர்கள்.

மார்ச் மாதத்திலிருந்து நான் சண்டை போட்டது அந்த ஒரு நிமிஷத்துக்காக. அதைத்தான் பார்க்கவில்லை.

யார் முதலில் கழற்றியது என்று ஹெஸ்டரைக் கேட்டேன், சிரிக்கிறாள். அக்காவைக் கேட்டேன். "ரோசலிண்டைக் கேளுடா" என்கிறாள்.

கேட்டுவிட்டேன்.

நன்றி என்று எழுதி அடித்துவிட்டேன். பிறகு மறுபடியும் எழுதினேன். இப்போது அடிக்கவில்லை. தொப்பிக்கு மட்டும் இல்லை.

ஆல்வின்


ஃபால்மத்,
ஜூன் 25

அன்புள்ள ஆல்வின்,

சொல்கிறேன்.

கூடாரத்தில் காற்றே இல்லை. பேச்சுகள் முடிந்து கேக்கும் வெட்டியாயிற்று. நீ மதுக்காரரைத் தேடிப் பின்பக்கம் போனாய். பெண்கள் எல்லோரும் என்னையே பார்த்தார்கள். நான் பழுப்பில் ஒரு சின்னத் தொப்பிதான் போட்டிருந்தேன், உள்ளங்கை அகலம். இருந்தாலும் பெற்றவள் யார் என்று ஊருக்குத் தெரியுமே. திருமதி ஃபேரன்ட் அந்த நீல விளிம்புக்குக் கீழே பீட்ரூட் மாதிரி சிவந்து, என்னிடமே வந்துவிட்டார்.

"தப்பா நெனைக்காதீங்க, கொஞ்சம் கழட்டிடுங்களேன். எங்க பக்கத்துப் பெரியவங்களுக்கு மயக்கமே வந்துடும்."

"நான் இல்லைங்க. சாம்பல் கலர்னு உங்ககிட்ட சொன்னாங்களே, அவங்கதான்."

அவர் என் தொப்பியைப் பார்த்தார், எதிரே அக்காவின் தொப்பியைப் பார்த்தார். என் தோளைத் தொட்டுவிட்டுப் போய் உட்கார்ந்தார்.

ஆனால் அக்கா கழற்றவில்லை. அவர் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் கையை மடியில் வைத்துக்கொண்டேன். அவர் கையை மேசைமேல் கட்டிக்கொண்டார். நான் முதலில் கழற்றினால் அவருடைய இடத்தைப் பறித்ததாகும் என்று நான். அவர் முதலில் கழற்றினால் என்னுடைய இடத்தைப் பறித்ததாகும் என்று அவர். நடுவில் ஒரு கூடாரம் நிறையப் பெண்கள் வெந்துகொண்டிருந்தார்கள். ஹெஸ்டர் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

கடைசியில் அக்கா எழுந்தார். அவ்வளவு பேர் பார்க்க, கூடாரத்தின் அந்தக் கோடியிலிருந்து இந்தக் கோடிக்கு நடந்து வந்தார். எனக்குப் பக்கத்து நாற்காலியில் முதுகைக் காட்டி உட்கார்ந்தார்.

"ரோசலிண்ட், இந்தத் தொப்பி ஊசியை எங்க குத்தினேன்னே தெரியல. கைக்கு எட்ட மாட்டேங்குது. நீ எடுத்து விடும்மா."

எட்டாமல் என்ன? அவர் எத்தனை வருஷமாகத் தன் தொப்பிக்குத் தானே ஊசி குத்துகிறார். நான் ஊசியை உருவினேன். அவர் தொப்பியைத் தூக்கினார். அவ்வளவுதான். கூடாரமே மூச்சு விட்டது. திரும்பிப் பார்த்தால் ஒரு தலையிலும் தொப்பி இல்லை, நாற்காலி நாற்காலியாகக் கிடக்கின்றன. என்னுடையதைக் கழற்ற எனக்கு நினைவே இல்லை, அக்காதான் கழற்றினார்.

"முடி கலைஞ்சிருக்கா பாரு" என்றார். கலைந்திருந்தது. ஒதுக்கிவிட்டேன். அவர் திரும்பாமலே, "குதிரையில பழகின கை எனக்கு. உன் கை மெதுவா இருக்கு" என்றார்.

யார் முதலில் கழற்றியது என்று கேட்டாய். நீயே வைத்துக்கொள், எப்படி வேண்டுமானாலும்.

ரயிலில் பாதி வழி வந்த பிறகு பார்க்கிறேன், ஊசி என் சட்டைக் கழுத்தில் குத்தியிருக்கிறது. தலையில் கருப்பு முத்து வைத்த நல்ல ஊசி. அதைத் தபாலில் அனுப்ப மாட்டேன் என்று அக்காவிடம் சொல். வந்து வாங்கிக்கொள்ளட்டும். அவருக்கு ரயிலில் தனியாக வரப் பிடிக்காது என்று நீ அந்தக் காலத்தில் சொல்வாய். நீயும் ஃபால்மத்தைத் திட்டிக்கொண்டே கூட வரலாம். நிலையத்திலிருந்து வீடு வரைக்கும் ஏற்றம்தான். மெதுவாக ஏறி வாருங்கள்.

ரோசலிண்ட்