மேடையை விட்டிறங்கியதை உனக்குச் சொல்கிறேன்

அன்புத் தங்கச்சி ரெஜினா,

நான் ஒரு படத்தில் நடித்துவிட்டேன். இதை முதலில் சொல்லிவிட்டால்தான் மற்றதையெல்லாம் நிம்மதியாக எழுத முடியும்.

நீ போய் மூன்று வருஷமாகிறது. பதினொரு வருஷம் இருவரும் சேர்ந்தே நவீன நடனம் ஆடினோம். உனக்குப் பிறகு வேறு ஒருத்தியைச் சேர்த்துக்கொண்டு ஆடச் சொன்னார்கள். தங்கச்சி இடத்தில் யாரையும் நிறுத்தமாட்டேன் என்றேன். கேட்டவர்கள் கண்கலங்கினார்கள். ஆனால் அது பாதி உண்மைதான். நீ நோயில் விழுவதற்கு முன்பே எனக்கு மேடை அலுத்துப்போயிருந்தது. உன்னிடம் எப்படிச் சொல்வேன்? உனக்கு அதுதானே உயிர்?

போன வருஷம் கவிதா என்று ஓர் இளம் இயக்குநர் கண்டியில் நம் வீட்டைத் தேடி வந்தாள். கலஹாவில் படப்பிடிப்பு. மகன் ஏறிப் போகும் பஸ்ஸைப் பிடிக்க முடியாமல் நிற்கும் தாய் வேஷம் எனக்கு. ஆட்டமே கிடையாது. முதல் நாள் ஓடி வந்து, கையை நீட்டி, உடம்பை வளைத்து நின்றேன்.

"அக்கா, நீங்க கடைசி வரிசையில இருக்கவங்களுக்குக் காட்டுறீங்க. கமரா பக்கத்துலதான் இருக்கு" என்றாள்.

ஏழு தடவை எடுத்தும் சரிவரவில்லை. வெட்கமாகப் போய்விட்டது. எட்டாவது தடவை, பஸ் வளைவில் மறைந்ததும் களைப்பில் பாதையோரச் சுவரில் உட்கார்ந்துவிட்டேன். செருப்பைக் கழற்றி உள்ளே கிடந்த கல்லைத் தட்டினேன். கவிதா நிறுத்தச் சொல்லவில்லை. படத்தில் இருப்பது அதுதான். ஒன்றும் செய்யாமல் இருப்பது எவ்வளவு சுகமாயிருந்தது தெரியுமா?

சினிமா வேண்டாம் என்று முகத்தைத் தூக்கி வைத்திருந்த அம்மா, படம் காட்டிய ஞாயிற்றுக்கிழமை, மாதா கோவில் பூசை முடிந்த கையோடு தியேட்டருக்கு வந்துவிட்டார். அந்தக் காட்சியில் அழுதார். திரும்பும்போது பஸ்ஸில், உன்னிடம் மறைத்ததை அவரிடம் சொன்னேன்.

அம்மா ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னார்: "அவளுக்குத் தெரியுமே. ஆஸ்பத்திரியில வச்சே சொன்னா. 'அக்கா எனக்காகத்தாம்மா ஆடிக்கிட்டு இருக்கு, பாவம், போதும்னு சொல்லுங்க'ன்னு. நான்தான் உன்கிட்ட சொல்லல. ஆட்டத்தையும் விட்டுட்டா நீ என்ன ஆவியோன்னு அப்ப பயம்."

ஏன்டி, என்னிடமே நேரில் கேட்டிருக்கலாமே? நானும் வாயைத் திறந்திருக்கலாம்தான். ஒருவருக்கொருவர் மறைத்துக்கொண்டு எத்தனை நிகழ்ச்சி ஆடினோமோ! இருந்தாலும் நன்றாகத்தான் ஆடினோம், ரெஜினா.

அடுத்த படம் தெல்தெனியவில். இந்தத் தடவை அம்மாவும் கூட வருகிறாராம், படப்பிடிப்பு எப்படி இருக்கும் என்று பார்க்க. ஆடி ஆடித் தேய்ந்த முழங்காலும் இப்போது பரவாயில்லை.

ஒரு வாக்குத் தருகிறேன். ஏன் மேடையேறுவதில்லை என்று இனி யார் கேட்டாலும், உன் பெயரைச் சொல்லித் தப்பிக்கமாட்டேன். எனக்கு இது பிடித்திருக்கிறது என்றே சொல்வேன்.

சந்தோஷமாக இருக்கும்
உன் அக்கா
மெர்சி