பேனரில் இரண்டு அங்குலம்

புளியந்தோப்பு,
12 நவம்பர், புதன்.

அன்புள்ள அண்ணன் டில்லிபாபுவுக்கு, தம்பி ஜெகன்பாபு எழுதுவது.

எப்படி இருக்கிறாய் என்று கேட்க ரெண்டு முறை கோயம்புத்தூர் வரை வந்தேன். ரெண்டு முறையும் மனு எழுதிக் கொடுத்துவிட்டு ஜெயில் வாசலில் மூணு மணி நேரம் உட்கார்ந்தேன். "உங்கண்ணன் பாக்க மாட்டேன்றாருப்பா, கெளம்பு" என்று வார்டர் வந்து சொன்னார். அம்மாவிடம் போனில் பேசும்போது நான் வாங்கினால் கட் பண்ணிவிடுகிறாய். அதனால்தான் கடிதம். லீவு லெட்டருக்குப் பிறகு நான் எழுதும் முதல் கடிதம் இது. கிழித்துப் போடுவதாக இருந்தாலும் கடைசி வரை படித்துவிட்டுக் கிழி. அங்கே பிரித்துப் பார்த்துத்தான் உன்னிடம் கொடுப்பார்கள் என்று தெரியும். பார்க்கட்டும். அவர்களாவது நம்பட்டும்.

சுற்றி வளைக்காமல் சொல்கிறேன். பத்தொன்பதாம் தேதியோடு உன் ஒரு வருஷ குண்டாஸ் காவல் முடிகிறது. உன்னை அழைத்துவர உன் தலைவன் சம்பத் கார் அனுப்புகிறான். அந்தக் காரில் நீ ஏறாதே. ஏறினால் வீட்டுக்கு வரமாட்டாய்.

சம்பத்தை விட்டு வா என்றதற்குத்தானே என்னோடு பேச்சை நிறுத்தினாய், இதைப் படித்ததும் என்ன சொல்லியிருப்பாய் என்று தெரியும். "ஆரம்பிச்சுட்டான்டா பொறாம புடிச்சவன்." ஆமாம், பொறாமைதான். அதை மறைக்கவில்லை. ஆனால் இது வேறு. எனக்கு எப்படித் தெரிந்தது என்று முதலில் சொல்கிறேன்.

நம் ஏரியாவில் பத்துப் பன்னிரண்டு பேனர் கடை இருக்கிறது. எல்லாவற்றிலும் ஒரு கம்ப்யூட்டர், ஒரு டிசைனர், அவ்வளவுதான். பிரிண்ட் போடுகிற பெரிய மெஷின் யாரிடமும் கிடையாது. எந்தக் கடையில் ஆர்டர் கொடுத்தாலும் ஃபைல் கடைசியில் நான் வேலை செய்யும் பிரஸ்ஸுக்குத்தான் வரும். வெளி ஆட்களுக்கு இது தெரியாது. கோழி பிரதாப்புக்கும் தெரிந்திருக்கவில்லை.

திங்கட்கிழமை காலை பிரதாப் பிரஸ்ஸுக்கு வந்தான். உன்னோடு ஒரே தட்டில் சாப்பிட்டவன், நீ உள்ளே போன பிறகு சம்பத்துக்கு வலது கை. உன்னை வரவேற்க இருபதுக்குப் பத்து பேனர் சொன்னான். "உங்கண்ணன் வர்றாரு, சோக்கா போடுடா ஜெகனு. சிங்கம், புலி எல்லாத்தயும் இட்டாந்து பக்கத்துல நிக்க வை" என்றான். டீயும் வாங்கிக் கொடுத்தான். அன்றைக்குச் சாயங்காலமே பட்டாளம் ஏரியாவில் இருக்கிற ஒரு சின்னக் கடையிலிருந்து இன்னொரு ஃபைல் வந்தது. பத்தொன்பதாம் தேதி போன் பண்ணிச் சொல்வோம், அதற்குப் பிறகு பிரிண்ட் போட்டால் போதும் என்று குறிப்பு. மை சரியாக விழுமா என்று பார்க்கத் திறந்தேன்.

கறுப்பு வெள்ளையில் நீ.

கண்ணீர் அஞ்சலி. பா. டில்லிபாபு, வயது 29. தோற்றம் என்று போட்டு உன் பிறந்த தேதி. மறைவு என்று போட்டு எதிரே காலியாக விட்டிருந்தது. மற்றபடி எல்லாம் ரெடி. உன் படத்துக்குப் பக்கத்தில் கை கூப்பிக்கொண்டு சம்பத். கீழே, கண்ணீருடன் சம்பத் அண்ணன் தம்பிகள்.

டிசைனருக்குப் போன் பண்ணி யார் சொன்ன ஆர்டர் என்று கேட்டேன். வேலைக்குப் புதுசு, ஏரியாவுக்கும் புதுசு. "கோழிக்கடக்காரருன்னு சொன்னாங்க, அவுருதான் பிரதர். யாரோ ரொம்ப சீரியஸா ஆஸ்பத்திரில கீறாராம், டாக்டரு நாள் குறிச்சிட்டாராம்" என்றான். உன்னை வரவேற்க என் கடை. உன்னைத் தூக்கிப் போட இன்னொரு கடை. ரொம்ப புத்திசாலித்தனமாகச் செய்ததாக நினைத்துக்கொண்டிருப்பான் பிரதாப். நீ விழுந்த ஒரு மணி நேரத்தில் தெரு முழுக்க அஞ்சலி பேனர் நின்றால் சம்பத்தை யார் சந்தேகப்படப் போகிறார்கள்?

ஸ்டேஷனுக்கும் போனேன். எந்த ஸ்டேஷன் என்று எழுத மாட்டேன். "உயிரோட கீறவனுக்கு அஞ்சலி போட்டா தப்புதான்பா, அவனையே வந்து கம்ப்ளைண்ட் குடுக்கச் சொல்லு" என்றார் ஒருவர். மற்றவர்கள் சிரித்தார்கள். உன் கேஸ் வக்கீலிடம் போகலாம் என்றால் அவர் சம்பத்தின் வக்கீல்.

சம்பத் ஏன் உன்னைப் போட நினைக்கிறான் என்று கேட்பாய். எட்டு வருஷம் அவன் பின்னால் நின்றவன் நீ. அவனுக்காகத்தான் உள்ளே போனாய். உனக்குக் காரணம் தெரியாது. ஏனென்றால் காரணம் நீ இல்லை. நான்.

ஜூலை மாசம் அம்மாவுக்கு வாஷிங் மெஷின் வாங்கினேன். பிரஸ்ஸில் சேர்ந்ததிலிருந்து நான் வாங்கிய முதல் பெரிய பொருள். நானே தூக்கி வந்து, நானே பைப் இழுத்து, கீழே ரப்பர் வைத்து மாட்டினேன். பக்கத்து வீட்டு ரோகிணியக்கா பார்க்க வந்தது. அம்மா என் எதிரிலேயே சொன்னாள்: "டில்லி உள்ள இருந்துகினே ஆள வுட்டு வாங்கி அனுப்பிச்சிக்கீறான்கா. அம்மா கை நோவுதுன்னு அவனுக்குத்தான் தெரியும்." நான் ஸ்பேனரோடு நின்றுகொண்டிருந்தேன். ஏம்மா இப்படிச் சொன்னாய் என்று அப்புறம் கேட்டதற்கு, "உள்ள கீற புள்ளைக்கு ஒரு நல்ல பேரு கெடச்சா உனுக்கு இன்னாடா கொறஞ்சிபூடும்?" என்றாள். குறைந்துதான் போனது. உனக்குப் புரியாது. நீ எதைச் செய்தாலும் உனக்கு அவள் இருந்தாள். நான் டிப்ளமாவில் முதல் வகுப்பு வாங்கியதைக்கூட தெருவில் டில்லி தம்பி பாஸ் என்றுதான் சொன்னார்கள்.

ஆகஸ்டில் சம்பத்துக்கு ஐம்பதாவது பிறந்தநாள். பேனர் வேலை என்னிடம் வந்தது. யார் முகம் எங்கே, எவ்வளவு பெரிசு என்பதெல்லாம் உங்களிடம் எவ்வளவு பெரிய விஷயம் என்று எனக்கு நன்றாகத் தெரியும். நாலு வருஷமாக அதைத்தானே அளந்து போடுகிறேன். தலைவர் நடுவில், எல்லாரையும் விடப் பெரிசாக. உள்ளே இருப்பவன் வலது பக்கம், அதைவிடச் சின்னதாக. மற்றவர்கள் கீழே வரிசையாக, ஸ்டாம்ப் சைஸில். சம்பத் முகத்தை முப்பத்தாறு அங்குலம் வைத்தேன். உன் முகத்தை முப்பத்தெட்டு. அவன் பெயருக்குக் கீழே 'எங்கள் இன்று' என்று போட்டேன். உன் பெயருக்குக் கீழே 'எங்கள் நாளை'.

கை தவறி வந்த அளவு இல்லை. ஸ்கேல் வைத்துச் செய்தேன். சம்பத் கடுப்பாகி உன்னைத் தள்ளி வைப்பான், நாலு பேர் எதிரில் கேவலமாகப் பேசுவான், நீ தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு வீட்டுக்கு வருவாய், அப்போது நான் வாசலில் நிற்க வேண்டும். அவ்வளவுதான் நினைத்தேன். அதற்கு மேல் யோசிக்கவில்லை. ஒரு மெஷினில் ஒரு நட்டைத் தளர்த்தினால் அடுத்து எது கழன்று விழும் என்று யோசிக்கத்தான் மூணு வருஷம் படித்தேன். இதில் யோசிக்கவில்லை.

பேனரைப் பார்த்ததும் பசங்க விசில் அடித்தார்கள். மறுநாள் சம்பத் பிரஸ்ஸுக்கு வந்தான். என் கழுத்தில் கை போட்டுக்கொண்டு, "இன்னாடா ஜெகனு, உங்கண்ணன் நல்லா வளந்துகினான் போல. உள்ள இருக்கசொல்லவே இவ்ளோ பெர்சா கீறான். வெளிய வந்தா மெட்ராஸ் பத்தாது போலகீதே" என்றான். கூட வந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "பசங்க சொல்லித்தான் இப்டி போட்டியா?" என்று கேட்டான். நான் ஆமாம் என்று தலையாட்டினேன்.

அந்தத் தலையாட்டலைத்தான் உன்னிடம் சொல்ல வேண்டியிருந்தது. நான்தான் போட்டேன் என்று சொல்லியிருந்தால் நாலு அறையோடு போயிருக்கும். பசங்களே உன்னைத் தலைவனாகப் பார்க்கிறார்கள் என்று அவன் எடுத்துக்கொண்டான். ஆகஸ்டுக்குப் பிறகு சம்பத் ஒரு முறையாவது உன்னைப் பார்க்க வந்தானா? ஆளையாவது அனுப்பினானா? நீயே யோசித்துப் பார்.

அஞ்சலி ஃபைலில் அவன் முகத்தையும் உன் முகத்தையும் அளந்து பார்த்தேன். நீ சரியாக அவனில் பாதி. இந்த முறை அளவை அவனே சொல்லியிருக்கிறான் போல.

அதில் இருக்கிற படம், போன வருஷம் நீ உள்ளே போவதற்கு முன்னால் தீபாவளிக்கு மொட்டை மாடியில் எடுத்தது. நீல சட்டை. பக்கத்தில் நான் உன் தோளில் கை போட்டுக்கொண்டு நின்றேன், ஞாபகம் இருக்கும். ஆகஸ்டு பேனருக்கும் அதே படத்தைத்தான் எடுத்தேன். அப்போது என்னை வெட்டிவிட்டு, உன் தோளில் இருந்த என் கையையும் சுத்தமாக அழித்தேன். அந்தப் புது டிசைனருக்கு அந்த அளவு வேலை தெரியவில்லை. ஆளை வெட்டிவிட்டான், விரலை விட்டுவிட்டான். அஞ்சலி பேனரில் உன் தோள் மேல் என் நாலு விரல் அப்படியே இருக்கிறது.

நேற்று அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். ஆகஸ்டில் நான் செய்ததையும் சொன்னேன். செல்போனில் ஃபைலைக் காட்டினேன். விரலால் பெரிசாக்கிப் பார்த்தாள். பிறகு போனைத் தூக்கி எறிந்துவிட்டாள். "அவன் ஊட்டுக்கு வர்றது உனுக்கு வயித்தெரிச்சலா கீதா? பேனர் அடிக்கிறவன் நீ. இத்தயும் நீயே அட்ச்சிருப்ப" என்றாள். ஆகஸ்டு பேனரை நான் அடித்தேனே, இதை ஏன் அடித்திருக்கக்கூடாது? தரையில் கிடந்த போனை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். நீயும் இதையேதான் கேட்பாய்.

அதனால் என்னை நம்பச் சொல்லவில்லை. நான் சொல்கிறபடி செய்யத்தான் சொல்கிறேன்.

பத்தொன்பதாம் தேதி காலை ஏழு மணிக்கே முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டு வெளியே வந்துவிடு. மாலைக்காகக் காத்திருக்காதே. போன முறை புழலிலிருந்து வந்தபோது ஆப்பிள் மாலை வரவில்லை என்று ஒன்றரை மணி நேரம் கேட்டுக்குள்ளேயே நின்றாய். பட்டாசு வெடித்த பிறகுதான் காலை வெளியே வைத்தாய். அதே மாதிரி இந்த முறையும் நிற்பாய் என்று அவர்களுக்குத் தெரியும். எட்டு மணிக்கு முன்னால் எழுந்திருக்கிற பழக்கம் அவர்களில் யாருக்கும் இல்லை. நமக்கு இருப்பது அந்த ஒரு மணி நேரம்தான். எதிரில் டீக்கடைக்குப் பக்கத்தில் என் சிவப்பு பல்சர் நிற்கும். முந்தின நாளே வந்துவிடுவேன். உனக்கு ஒரு ஹெல்மெட், ஒரு சட்டை. ஒன்றரை மணி நேரத்தில் பாலக்காடு. அங்கே என்னோடு படித்த அனீஷ் பிரஸ் வைத்திருக்கிறான், மாடியில் ஒரு ரூம் இருக்கிறது. அவனிடம் பேசிவிட்டேன்.

அங்கே போன பிறகு என்னை அடி. ஸ்பேனரை நானே எடுத்துக் கொடுக்கிறேன். அம்மாவிடம் சொல்லி வீட்டை விட்டு அனுப்பு, போய்விடுகிறேன். வாஷிங் மெஷின் நீ வாங்கியதாகவே இருக்கட்டும்.

உனக்குக் கடிதம் எழுதுகிறேன் என்று அம்மாவுக்குத் தெரியும். சமாதானமாகிவிட்டோம் என்று நினைத்துக்கொண்டு, தான் சொல்வதையும் எழுதச் சொன்னாள். அதை எழுதாமல் விட்டால் நான் இன்னொரு முறை உன் விஷயத்தில் கை வைத்த மாதிரி ஆகிவிடும். சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"டில்லி, ஜாக்கிரதயா வாடா கண்ணு. சம்பத்தண்ணன் ஏசி காரு அனுப்புது. அதுலயே வந்துரு, பஸ்சுல அலையாத. காசிமேட்ல வஞ்சிர மீன் தல சொல்லி வெச்சிக்கீறேன். நீ வந்தாதான் கொழம்பு வெப்பேன்."

அம்மா சொன்னதும் நான் சொன்னதும் ஒரே தாளில் இருக்கிறது. ரெண்டில் எதை நீ நம்புவாய் என்று எனக்குத் தெரியும். பிறந்ததிலிருந்து பார்க்கிறேனே.

மீன் தலையை அவள் எப்போதும் உன் தட்டில்தான் வைப்பாள். அவள் அடுப்புப் பக்கம் திரும்பியதும் கன்னத்துச் சதையைப் பிய்த்து என் சோற்றுக்குள் புதைத்துவிட்டு, ஒன்றும் தெரியாத மாதிரி உட்கார்ந்திருப்பாய். இத்தனை வருஷத்தில் நான் அதை யாரிடமும் சொன்னதில்லை. அம்மாவிடம்கூட. சொன்னால் அதற்கும் உனக்கு நல்ல பெயர் வந்துவிடும் என்றுதான் சொல்லவில்லை.

அண்ணா, மாலை வேண்டாம். திட்டிக்கொண்டே வந்தாலும் சரி, பின்னால் ஏறி உட்கார். உன் கை என் தோளில் படும் வரை வண்டியை எடுக்க மாட்டேன்.

வாசலில் நிற்கும் தம்பி,
ஜெகன்