கமலி அழவில்லை

திங்கள், மாசி முதல் வாரம். அலுவலகத்தில் ஜப்பான் கணக்கில் 2604, வீட்டில் 1944.

விடியலில் தூறல். பிறகு நல்ல வெயில்.

கமலிக்குக் காது கேட்கிறது. சொன்னவர் டிரஸ்ஸர், ஆஸ்பத்திரியில் டாக்டருக்கு அடுத்த ஆள். குழந்தையின் முதுகுக்குப் பின்னால் தகரக் கிண்ணத்தைத் தட்டினார், திரும்பினாள். மறுபக்கம் தட்டினார், மறுபக்கம் திரும்பினாள். தொண்டை, நாக்கு, எதிலும் குறை காணவில்லை என்றார். மருந்து கிடையாது. இருந்தாலும் இதற்குக் கொடுத்திருக்க மாட்டாராம்.

அப்படியானால் ஏன் சத்தமே இல்லை? தெரியவில்லை என்றார். அதை ஒப்புக்கொண்டவர் என்பதால் மற்றதை நம்பலாம்.

கமலியின் தாய் ராஜம். என் தங்கை மகள். புருஷன் வேலுவை ஜப்பான்காரன் சயாம் ரயில் பாதைக்குப் பிடித்துக்கொண்டு போனதிலிருந்து கைக்குழந்தையோடு என் வீட்டில். வீட்டுக்கு வரும் வழியில், காஜா பெராங் சாலை திரும்பும் இடத்தில், அவளுக்கு ஒரே கேள்வி.

"காது கேக்குதுன்னா ஊமையில்லதானே மாமா?"

இல்லை என்றேன். டிரஸ்ஸர் அவ்வளவு உறுதியாகச் சொல்லவில்லை. திருத்தவில்லை.

இதுவரை தெரிந்தவை. குழந்தைக்கு ஒரு வயது நிரம்பப் போகிறது. இங்கே வந்த புதிதில் கூவுவாள், உளறுவாள், எந்த முகத்தைக் கண்டாலும் கை நீட்டுவாள். நானே கேட்டது, பார்த்தது. இப்போது விழுந்தாலும் அழுவதில்லை. பசித்தால் கையைச் சப்புவாள். முகத்தைப் பார்ப்பதில்லை, பார்த்தாலும் உடனே சுவர், இல்லாவிட்டால் என் சட்டைப் பித்தான்.

அலுவலகத்தில் ஒரு அறிவிப்பு மொழிபெயர்ப்பு: நாய்களைக் கட்டி வைப்பது பற்றி. நான் எழுதிவந்த பத்திரிகை மூடியபின் இதுதான் பிழைப்பு. குளிக்கவோ துவைக்கவோ சவர்க்காரம் எங்கும் இல்லை.

செவ்வாய்.

வெக்கை. கடிகாரம் டோக்கியோ நேரம் காட்டுகிறது, வயிறு பழைய நேரம்.

பக்கத்து வீட்டுப் பீபீ மரவள்ளிப் பணியாரம் கொண்டுவந்தாள். தலைமுறைகளாக இந்த ஊரிலேயே இருக்கும் செட்டிக் குடும்பம், நெற்றியில் விபூதி, வாயில் மலாய், நடுவே ஒன்றிரண்டு தமிழ்ச் சொல். பீபீ பெயரல்ல, மூத்தவளைக் கூப்பிடும் சொல்; தெருவுக்கே அவள் பீபீதான். அவளுடைய நாலு பிள்ளைகளும் கத்துவது எங்கள் அடுப்படி வரை கேட்கும். கமலியின் அமைதியை அதிகம் புகழ்ந்தவள் அவளே. "பாயெக் புடாக்" என்பாள், நல்ல பிள்ளையாம். தன் பிள்ளைகளில் ஒன்றை எடுத்துக்கொண்டு இவளைக் கொடுக்கச் சொல்வாள். இன்று டிரஸ்ஸர் சொன்னதைக் கேட்டபின் புகழவில்லை. குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு நெடுநேரம் பார்த்தாள்.

மாலை விளக்கு. தேங்காயெண்ணெய், ஒரு திரி. ராஜம் கைகூப்பித் தலை குனிந்தாள். தரையில் உட்கார்ந்திருந்த கமலி உள்ளங்கையால் வாயைப் பொத்திக்கொண்டாள். தினமும் செய்வதுதான். பெரியவர் முன்னும் சாமி முன்னும் வாய் பொத்தி நிற்பது நம் வழக்கம்; சொல்லிக் கொடுக்காமலே பழகிவிட்டாள் என்று வந்தவர்களிடமெல்லாம் பெருமை பேசியிருக்கிறோம். நானும்.

புதன்.

மழை. அலுவலகம் அரை நாள்.

பேனா மூடி உருண்டு போனது. எடுக்கக் குனிந்தேன். எதிரே கமலி. கை வாய்க்குப் போனது.

விளக்கு இல்லை. சாமி படம் அடுத்த அறையில்.

நிமிர்ந்தேன். கை இறங்கியது. மறுபடி குனிந்தேன், பொத்தினாள். உட்கார்ந்தேன், படுத்தேன், தலையைச் சொறிந்தேன்: ஒன்றுமில்லை. இடுப்பிலிருந்து வளைந்து தலையைத் தாழ்த்தினால் மட்டும். கிழவன் மழை நாளில் குனிந்து நிமிர்வதை ஜன்னல் வழியாகப் பீபீயின் மூத்தவள் பார்த்துவிட்டுத் தாயைக் கூப்பிட ஓடினாள்.

ராஜத்தைக் கேட்டேன். மரவள்ளி சீவிக்கொண்டே சொன்னாள். நடந்தது அவள் இங்கே வந்த சில நாளில். ரேஷன் அரிசிக்கு டவுனுக்குப் போகும் வழியில் பாலத்தில் ஜப்பான் சிப்பாய் காவல், கடக்கிறவர்கள் அவனுக்குக் குனிய வேண்டும். எல்லாரும் செய்வதுபோல் நின்று குனிந்திருக்கிறாள். இடுப்பில் குழந்தை.

"இவ அவன் பித்தானப் பாத்துச் சிரிச்சுட்டா மாமா. சத்தமா. அவன் இவள ஒண்ணும் பண்ணல. என்னத்தான் அறைஞ்சான்."

அதன்பின் பாலம் வந்ததும் ஒரு கையால் குழந்தையின் வாயைப் பொத்திக்கொண்டே குனிவாளாம். சில வாரம் அப்படி.

"அப்புறம் நான் பொத்தவே வேணாம். அவளே பொத்திக்கிட்டா. கெட்டிக்காரின்னு நெனச்சேன்."

சீவுவதை நிறுத்தவில்லை.

உறுதியானது: குனிந்தால் வாய் பொத்துகிறாள், பாலத்தில் கற்றது. ஆதாரம் ராஜம்; நேரில் கண்டது நான். ஊகம் மட்டும்: மற்ற நேரத்து மௌனமும் அங்கிருந்தே தொடங்கியது. இன்னொன்று, ஊகம்கூட அல்ல, பார்த்தது: பாலத்தில் வைத்துக்கொள்ளும் முகத்தை ராஜம் வீட்டுக்கு வந்தும் கழற்றுவதில்லை.

வியாழன்.

பீபீ எல்லாம் கேட்டுவிட்டாள். யோசிக்கவே இல்லை. கமலி எதிரே நின்று குனிந்தாள். கை வாய்க்குப் போனது. பீபீ விருட்டென்று நிமிர்ந்து நாக்கை நீட்டி "சாக்!" என்றாள். மலாய்க்காரர்கள் குழந்தைக்கு முகம் மறைத்துக் காட்டும் விளையாட்டு; குனிவதை அதோடு சேர்த்துவிட்டாள்.

குழந்தை பயப்படவில்லை, சிரிக்கவுமில்லை. திரும்பித் தாயின் முகத்தைப் பார்த்தது. மாதங்களில் முதல் முறையாக நேராகப் பார்த்தது என்பேன். இது என்ன, நல்லதா கெட்டதா என்று கேட்பதுபோல. ராஜம் முகத்தில் பதில் இல்லை. கமலி சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"மூக்கா லு மச்சாம் பத்து கிலிங்" என்றாள் பீபீ. உன் மூஞ்சி அம்மிக்கல். பிறகு தமிழில், ராஜத்தின் கன்னத்தைக் கிள்ளி: "சிரி லா."

"சிரின்னா எப்பிடிக்கா? எதுக்குன்னு ஒண்ணு வேணாமா?"

பீபீ தன் நாக்கை மறுபடி நீட்டிக் காட்டினாள்.

தலைவலி. காப்பிக்குப் பதில் வறுத்த சோளப்பொடி.

வெள்ளி.

அலுவலகத்தில் பணிந்து பணிந்து இடுப்பு வலி. வாசலில் ஒரு முறை, மாடியில் ஒரு முறை, ஜப்பான் சக்கரவர்த்திக்காகக் கிழக்கு நோக்கி எல்லாருமாக ஒரு முறை. முன்பு கவனிக்காதது: குனியும்போது நாங்கள் யாரும் பேசுவதில்லை.

விளக்கேற்றும் நேரம். கமலி எதிரே யாரும் குனிய வேண்டாம், நிமிர்ந்தே கும்பிடு என்றேன். ராஜம் தயங்கினாள். வெள்ளிக்கிழமை வேறு. சாமி கோபித்துக்கொள்ளாதா என்றாள்.

"சாமி அறையாது" என்றேன்.

நிமிர்ந்து நின்று கும்பிட்டாள். கமலியின் கை மடியிலேயே இருந்தது. சத்தம் இல்லை.

சனி.

வெயில். பித்தான் ஒன்று அறுந்தது. பீபீ வாழைக்காய் கொடுத்தாள், நாலு.

மாலை. பீபீ களைத்துவிட்டாள், என் முறை என்றாள். அடுப்படி வாசலில் கமலி எதிரே நின்றேன். குனிந்தேன். "சாக்" என்று நிமிர்ந்தேன். தலைக்கு மேல் பலகை இருப்பதை மறந்துவிட்டேன். நல்ல அடி. கண்ணாடி கழன்று மரவள்ளி கழுவிய தண்ணீரில் விழுந்தது.

ராஜம் சிரித்தாள். அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. சேலைத் தலைப்பை வாயில் வைத்தாள், பீபீ அதைத் தட்டிவிட்டாள்.

இனி வரிசையாக, கண்ணாடி இல்லாமல் பார்த்தபடி, பீபீயிடம் சரிபார்த்து: கமலி என்னைப் பார்த்தாள். தாயைப் பார்த்தாள். மறுபடி என்னை. மறுபடி தாயை. கை மேலே போனது, மார்பளவில் நின்றது. இறங்கியது. பிறகு ஒரு சத்தம். சிரிப்பு என்று சொல்ல முடியாது. சின்னதாக, கடைசியில் மேலே ஏறுவது, கேள்வி போல.

ராஜம் அதே சத்தத்தைத் திருப்பிச் செய்தாள். குழந்தை காத்திருந்தது. அவள் முடித்ததும் இது. இது முடித்ததும் அவள். ஒருவர் சொல்லும்போது மற்றவர் குறுக்கிடவில்லை. கூட்டங்களுக்கு நிறையப் போயிருக்கிறேன். இந்த ஒழுங்கு அரிது.

என்ன பேசினார்கள் என்று எழுத முடியாது. பேசினார்கள் என்பது உறுதி. சாட்சி இருவர்.

கிழங்கு தீய்ந்துவிட்டது. தின்றோம்.

ஞாயிறு.

மேகமூட்டம். நெற்றி வீக்கம் வடிகிறது.

காலை முழுதும் சத்தம். தகரக் குவளை, கதவு, பூனை, எல்லாவற்றோடும் பேச்சு. ஏதாவது எடுத்தால் தாயிடம் காட்டிவிட்டுத்தான் வாயில் வைக்கிறாள்.

மத்தியானம் செருப்பு வாரை மாட்டக் குனிந்தேன். விளையாட்டு என்று நினைத்துக் கீச்சென்று கூவிச் சிரித்தாள். தெரு வரை கேட்டிருக்கும். நான், ராஜம், பீபீ, மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டோம். நாங்கள் சிரிக்கவில்லை.

நாளை அரிசி நாள். ஆள் நேரில் போக வேண்டும், எனக்கு அலுவலகம். பாலத்தில் ராஜம் குனிவாள். இடுப்பில் கமலி.

மறுபடி வாயைப் பொத்தலாம் என்று யாரும் சொல்லவில்லை. முடிவு: குழந்தை பீபீயிடம், ராஜம் தனியாக. பிறந்ததிலிருந்து ஒரு வேளைகூடத் தாயை விட்டு இருந்ததில்லை. அந்த மௌன மாதங்களில் வேறு கையில் கொடுத்தாலும் சும்மா இருந்தாள். கொடுத்தது தெரிந்ததாகவே காட்டவில்லை.

பீபீ சமாதானம் சொன்னாள்: தன் வீட்டில் விளையாட ஆள் உண்டு, அழ மாட்டாள், கவலை வேண்டாம்.

ராஜம் அவளை ஒரு மாதிரி பார்த்தாள். பிறகு என்னிடம், மெதுவாக:

"அழணும் மாமா. நான் போறது தெரிஞ்சு அழணும்."

அழுவாளா என்பது டிரஸ்ஸரிடம் கேட்க முடியாத கேள்வி. நாளை அலுவலகத்துக்குக் கொஞ்சம் தாமதமாகப் போவதாக ராஜத்திடம் சொல்லியிருக்கிறேன்.

நிலுவை: கமலி அழுவாளா. நாளைக் காலை, ராஜம் படி இறங்கும்போது தெரியும்.